நீச்சல் பூல் பில்ரர் மூடியைப் பிடிச்சிருக்கிற போல்ற்: எதை வாங்கிறது, எப்பிடிப் பூட்டிறது

போன சோளகக் காலத்திலை காரைநகர்ப் பக்கம் ஒரு கெஸ்ட் ஹவுசிலை பூல் பில்ரர் ஒழுகுது எண்டு என்னைக் கூப்பிட்டவை. போய்ப் பாத்தால், சாண்ட் பில்ரரின்ரை மேல் மூடியைப் பிடிச்சிருக்கிற ஆறு போல்ற்றிலை ரெண்டு நல்லாக் கறள் பிடிச்சு வொஷரும் போல்ற்றும் ஒரே கட்டியாக் கிடந்தது. மோட்டரை நிப்பாட்டி பிரஷரை இறக்கிப்போட்டு ஒண்டிலை ஸ்பானரைக் கொழுவி மெல்லமாத் திருப்பினன், அரைச் சுத்துக்கூடப் போகேல்லை, தலை கழண்டு கையோடை வந்திட்டுது. உடைஞ்ச இடத்தைப் பாத்தால் சுத்திவர மண்ணிறம், நடுவிலை ஒரு மிளகு அளவுக்குத்தான் மினுங்கிற இரும்பு மிச்சம். அந்த மிளகளவு இரும்புதான் அவ்வளவு நாளும் மூடியைப் பிடிச்சுக்கொண்டு நிண்டிருக்கு, நாலு அடி தள்ளித்தான் பிள்ளையளின்ரை செருப்பெல்லாம் கழட்டி வைச்சுக் கிடந்தது.

வீட்டுக்காரர் காசுக்குப் பாக்கிற ஆள் இல்லை. பழைய போல்ற் துலைஞ்சுபோச்சு எண்டு ரவுனிலை ஒரு கடைக்குப் போய் "நல்ல பலமான போல்ற்றாத் தாங்கோ தம்பி" எண்டு கேட்டிருக்கிறார், அந்தப் பெடியனும் பலமானதைத்தான் குடுத்திருக்கிறான். தலையிலை 8.8 எண்டு அடிச்சிருந்தது. லொறிக்கும் மெஷினுக்கும் அது அருமையான போல்ற். பூல் பில்ரரிலை அது எட்டு மாசம்தான் தாக்குப்பிடிச்சது. இப்ப யாழ்ப்பாணத்திலை ஹோட்டல், கெஸ்ட் ஹவுஸ், வெளிநாட்டிலை இருந்து வந்து கட்டிற வீடு எண்டு பூல் கூடிக்கொண்டே போகுது, ஆனா இந்தச் சின்னச் சாமானைப் பற்றித் தமிழிலை ஒருத்தரும் வடிவாச் சொல்லிக் குடுக்கிறேல்லை, அதுதான் அடியிலையிருந்து சொல்லுறன்.

முதல்லை பில்ரர் எப்பிடி வேலை செய்யுது எண்டு பாப்பம். கீரிமலைக் கேணிக்கு பில்ரர் தேவையில்லை, ஊத்துத் தண்ணி தானா வந்து தானாக் கடலுக்குப் போகும். நாங்கள் கட்டிற பூலிலை அதே தண்ணியைத்தான் திருப்பித் திருப்பிச் சுத்தம் செய்யவேணும். பம் பூலிலை இருந்து தண்ணியை உறிஞ்சி ஒரு மூடின ராங்குக்குள்ளை தள்ளும், ராங்குக்குள்ளை மண் இருக்கும், இல்லாட்டி துணி மாதிரி மடிச்ச காட்றிஜ் இருக்கும், ஊத்தை அதிலை தங்கும், சுத்தமான தண்ணி திரும்பப் பூலுக்குப் போகும். மண்ணோ துணியோ வழியை மறிக்கிறபடியால் ராங்குக்குள்ளை பிரஷர் ஏறும். ராங் ஒரே துண்டு இல்லை, மேலை மூடி இருக்கும், இல்லாட்டி அந்த பல கைபிடி நிலை உள்ள மல்ரிபோட் வால்வ் இருக்கும், அதை ராங்கோடை சேத்துப் பிடிக்கிறது போல்ற்றோ கிளாம்போ தான்.

பிரஷர் எவ்வளவு பலம் எண்டு கனபேருக்கு விளங்கிறேல்லை, ஏனெண்டால் கேஜிலை பாக்க வெறும் 1, 1.5 எண்டுதான் காட்டும். ஒரு பார் பிரஷர் எண்டால் ஒரு சதுர சென்ரிமீற்றருக்கு கிட்டத்தட்ட ஒரு கிலோ தள்ளுது எண்டு அர்த்தம். 20 சென்ரிமீற்றர் விட்டமுள்ள மூடி ஒண்டை எடுங்கோ, அதின்ரை பரப்பு 314 சதுர சென்ரிமீற்றர், கேஜ் 1.5 காட்டினால் மூடியைக் கீழையிருந்து மேலை தள்ளுற பலம் கிட்டத்தட்ட 480 கிலோ. பத்து சீமெந்துப் பை கிட்ட வருது. ஆறு போல்ற் எண்டால் ஒண்டுக்கு 80 கிலோ, அதிலை ரெண்டு போச்சுதெண்டால் மிச்சம் நாலுக்கும் பாரம் ஏறும், அதிலையும் போனதுக்குப் பக்கத்திலை இருக்கிறதுக்குத்தான் கூட ஏறும். பெரிய காட்றிஜ் பில்ரரிலை ராங்கே நடுவிலை ரெண்டாப் பிரியும், 50 சென்ரிமீற்றர் விட்டம், அதே 1.5 பாருக்கு 3000 கிலோ கணக்கு வரும். அவ்வளவையும் ஒரு கிளாம்ப் வளையமும் அதின்ரை ஒரே ஒரு போல்ற்றும் பிடிச்சுக்கொண்டு நிக்கும்.

இன்னொரு விஷயம், தண்ணி ஒழுகாமல் நிப்பாட்டிறது போல்ற் இல்லை. அது ஓ ரிங்கின்ரை வேலை, மூடிக்கும் ராங்குக்கும் இடையிலை கறுப்பு றப்பர் வளையம் இருக்குமே, அது. போல்ற் செய்யிறது அந்த றப்பரைச் சுத்திவர ஒரே அளவா நசிச்சுப் பிடிச்சு வைச்சிருக்கிறது மட்டும்தான். இதை விளங்கிக்கொண்டால் பாதிப் பிழை வராது, ஏனெண்டால் ஒழுகினால் எல்லாரும் செய்யிறது ஸ்பானருக்குப் பைப் துண்டு ஒண்டைக் கொழுவி இன்னும் இறுக்கிறது. ஓ ரிங் காய்ஞ்சு வெடிச்சிருந்தால், இல்லாட்டி அது இருக்கிற பள்ளத்துக்குள்ளை ஒரு மண் பருக்கை கிடந்தால், நீங்கள் எவ்வளவு இறுக்கினாலும் ஒழுகும், கடைசியிலை மூடி வெடிக்கும்.

சரி, எந்த இரும்பு. கடையிலை மினுங்கிற போல்ற் எல்லாம் ஸ்ரெயின்லெஸ் இல்லை, சாதாரண இரும்புக்கு மேலை நாகம் (துத்தநாகம்) பூசினதும் புதிசா இருக்கேக்கை அப்பிடித்தான் மினுங்கும். பிரிச்சுப் பாக்க லேசான வழி தலையைப் பாக்கிறது. 4.8, 8.8, 10.9 எண்டு வெறும் இலக்கம் அடிச்சிருந்தால் அது சாதாரண உருக்கு. ஏ2-70, ஏ4-70, ஏ4-80 எண்டு இருந்தால் ஸ்ரெயின்லெஸ். பின்னாலை வாற 70 எண்டது பலம், சதுர மில்லிமீற்றருக்கு 700 நியூட்டன் இழுவை தாங்கும் எண்ட கணக்கு. 8.8 எண்டதிலை முதல் 8 எண்டது 800 நியூட்டன். அப்ப பாருங்கோ, புதிசா இருக்கேக்கை அந்த 8.8 தான் கூடப் பலம், கடைக்காரப் பெடியன் பொய் சொல்லேல்லை. குளோரினும் உப்புக் காத்தும் பட்டு நாகப் பூச்சு போன பிறகு அது மாசத்துக்கு மாசம் மெலிஞ்சுகொண்டு போகும், அதுதான் பிரச்சினை.

ஏ2 எண்டது 304 எண்டு சொல்லுற ஸ்ரெயின்லெஸ், 18 வீதம் அளவு குரோமியமும் 8 வீதம் அளவு நிக்கலும் இருக்கும், எங்கட வீட்டு எவர்சில்வர் சாமானிலையும் சிலது அந்த இனம்தான். ஏ4 எண்டது 316, அதிலை கூடுதலா 2 இலிருந்து 3 வீதம் மொலிப்டினம் சேத்திருக்கும். ஸ்ரெயின்லெஸ் கறள் பிடிக்காததுக்குக் காரணம் குரோமியம் காத்தோடை சேந்து மேலை கண்ணுக்குத் தெரியாத ஒரு மெல்லிய தோல் கட்டிறது. கீறு விழுந்தாலும் அந்தத் தோல் தானாத் திரும்ப வளரும். குளோரைட்டுக்குத்தான் அது பயம், உப்பிலை இருக்கிறதும் குளோரைட், குளோரின் போட்ட பூல் தண்ணியிலை சேருறதும் குளோரைட். அது அந்தத் தோலிலை ஊசி குத்தின மாதிரி ஓட்டை போடும், வெளியாலை ஒரு புள்ளிதான் தெரியும், உள்ளை குழி போகும். மொலிப்டினம் அதைக் கனக்கத் தடுக்கும். அதாலை என்ரை பேச்சு எப்பவும் ஒண்டுதான், பில்ரரிலை பிரஷரைப் பிடிக்கிற எந்த இடத்துக்கும் ஏ4 போடுங்கோ. பம்மை சீமெந்துக் கட்டிலை பிடிக்கிற போல்ற், பைப் கிளிப் மாதிரி இடத்துக்கு ஏ2 காணும்.

எங்கட இடத்துக்கு இது இன்னும் முக்கியம். மூண்டு பக்கம் கடல், நடுவிலை களப்பு, சோளகம் அடிக்கேக்கை உப்பு வந்து யன்னல் கம்பியிலை ஒட்டும், கரையோரக் கிணறு கனக்க உவர். அந்த உவர்த் தண்ணியாலை பூலை நிரப்பினால் குளோரின் போட முதலே குளோரைட் உள்ளை இருக்கு. உப்பிலை இருந்து குளோரின் எடுக்கிற மெஷின் பூட்டின பூல் எண்டால் லீற்றருக்கு 3 இலிருந்து 4 கிராம் உப்பு எண்டு வேணுமெண்டே போடுவினம். கடற்கரை வீடுகளிலை ஏ4 போட்டாலும் தேத்தண்ணி சிந்தின மாதிரி மேலாலை மண்ணிறக் கறை வரும், பயப்படாதேங்கோ, அது மேல் கறை, நல்ல தண்ணியாலை கழுவித் துணியாலை துடைச்சால் போயிடும். துடைச்ச பிறகும் குழி குழியாத் தெரிஞ்சால் மாத்துங்கோ.

காந்தம் வைச்சுப் பாக்கிறதைப் பற்றியும் கேப்பினம். நாகம் பூசின இரும்பு காந்தத்தைப் பட்டெண்டு பிடிக்கும், ஸ்ரெயின்லெஸ் பிடிக்காது, இல்லாட்டி லேசா இழுக்கும், ஏனெண்டால் போல்ற் செய்யேக்கை குளிரிலையே அடிச்சு உருவாக்கிறதாலை கொஞ்சம் காந்தத் தன்மை வரும். அதாலை காந்தம் சாதாரண இரும்பைக் காட்டிக் குடுக்கும், ஏ2 வோ ஏ4 வோ எண்டு சொல்லாது. தலையிலை எழுத்து ஒண்டும் இல்லாத போல்ற் எண்டால் நான் வாங்கமாட்டன்.

பம் றூமைப் பற்றி ஒண்டு சொல்லவேணும். எங்கட சனம் கனபேர் இருக்கிற சுவிசிலை ஊஸ்ரர் எண்டு ஒரு இடம், அங்கை 1972 இலை திறந்த ஒரு உள்ளக நீச்சல் தடாகத்தின்ரை கொங்கிறீற் சீலிங் 1985 மே 9 ஆம் திகதி இடிஞ்சு விழுந்து 12 பேர் செத்தவை. சீலிங்கைத் தொங்கவிட்டிருந்தது ஸ்ரெயின்லெஸ் கம்பியள். தண்ணி அதிலை பட்டதில்லை, பூலிலை இருந்து எழும்பின ஆவி வருசக்கணக்காப் படிஞ்சு, பாரத்திலை இழுபட்டுக்கொண்டிருந்த கம்பியை உள்ளாலை வெடிக்க வைச்சிருக்கு. எங்கட பம் றூம் எப்பிடி, ஒரு சின்னக் கதவு, காத்தோட்டம் இல்லை, பில்ரருக்குப் பக்கத்திலையே குளோரின் வாளியும் அசிற் கானும். அசிற் கான் மூடி இறுக்கமா இல்லாட்டி அந்தப் புகை இரவிரவா போல்ற்றிலைதான் படியும், ஏ4 எண்டாலும் தாங்காது. ரெண்டையும் பில்ரருக்குக் கிட்ட வைக்காதேங்கோ, ஒண்டோடொண்டு கிட்டவும் வைக்காதேங்கோ, அது ரெண்டும் கலந்தால் வாற வாயு ஆளைக் கொல்லும். கறள் போகட்டும் எண்டு தரை கழுவுற அசிற்றிலை போல்ற்றை ஊறப்போடுறதும் வேண்டாம், அந்த அசிற்றே குளோரைட் தான், நாங்கள் காப்பாத்த நினைச்ச தோலை அது உரிச்செடுத்துப்போடும்.

இனி போல்ற்றின்ரை புரி, சுத்திவர வெட்டியிருக்கிற திருகு வரி. இஞ்சைதான் ஆக்கள் காசு கொட்டி வாங்கின மூடியை உடைக்கிறது. சைனா, ஐரோப்பாப் பில்ரர் எண்டால் போல்ற் மில்லிமீற்றர் கணக்கு, எம் 8, எம் 10 எண்டு வரும். அமெரிக்கப் பில்ரர் எண்டால் இஞ்சிக் கணக்கா இருக்கலாம். எம் 8 எண்டால் 8 மில்லிமீற்றர் தடிப்பு, இஞ்சியிலை 5/16 எண்டால் 7.94 மில்லிமீற்றர், கண்ணாலை பாத்தால் ஒண்டுதான். ஆனா எம் 8 இலை ஒரு புரிக்கும் அடுத்த புரிக்கும் இடை 1.25 மில்லிமீற்றர், 5/16 இலை ஒரு இஞ்சிக்கு 18 புரி, அதாவது இடை 1.41. அதாலை மாறிப் போட்டால் ரெண்டு மூண்டு சுத்து கையாலையே சுகமாப் போகும், பிறகு இறுகும். பூட்டிறவர் "சரி, பிடிச்சிட்டுது" எண்டு நினைச்சு ஸ்பானரைப் போடுவார், உள்ளை புரி ஒண்டையொண்டு வெட்டிக்கொண்டு போகும், பிளாஸ்ரிக்குக்குள்ளை வைச்ச பித்தளைப் புரி எண்டால் அப்பிடியே சுழண்டு வெளியிலை வந்திடும். நான் தொடங்கின புதிசிலை திருநெல்வேலியிலை ஒரு வீட்டிலை இப்பிடி ஒரு மூடியை என்ரை கையாலை நாசமாக்கினனான், அந்த மூடி இஞ்சை கிடைக்காமல் கொழும்பிலையும் கிடைக்காமல் ஒண்டரை மாசம் பூல் பச்சையாக் கிடந்தது, அந்த வீட்டு அம்மாவுக்கு முன்னாலை நிக்க ஏலாமல் போச்சு.

அண்டையிலை இருந்து நான் செய்யிறது இதுதான். பழைய போல்ற்றையும் புது போல்ற்றையும் ஒண்டோடொண்டு அணைச்சு, புரிக்குள்ளை புரி விழுற மாதிரி வைச்சு, வெளிச்சத்துக்கு நேரை பிடிச்சுப் பாக்கிறது. சரியான சோடி எண்டால் ரெண்டும் பல்லுக்குப் பல் பொருந்தி வெளிச்சமே ஊடாலை வராது. பிழையான சோடி எண்டால் ஒரு பக்கம் பொருந்தி, போகப் போக விலகி, நடுவிலை இடைவெளி வந்து வெளிச்சம் கீறாத் தெரியும். இது ஒரு சதச் செலவில்லாத சோதனை, கடை வாசலிலையே செய்யலாம். பழைய போல்ற் கறள் தின்னு உருத்தெரியாமல் இருந்தால் அடி மட்டத்தை வைச்சு பத்துப் புரிக்கு எவ்வளவு நீளம் எண்டு அளவுங்கோ, 8 மில்லித் தடிப்பு போல்ற்றிலை 12.5 மில்லி எண்டால் எம் 8, 14 மில்லி கிட்ட வந்தால் இஞ்சி.

நீளத்திலையும் கவனம். நட் போட்டு இறுக்கிற இடத்திலை, இறுக்கின பிறகு நட்டுக்கு வெளியாலை ரெண்டு புரி தெரிஞ்சால் காணும். அடி மூடின ஓட்டைக்குள்ளை போற போல்ற் எண்டால் நீளம் கூடினது கட்டையானதை விட ஆபத்து, ஏனெண்டால் போல்ற்றின்ரை நுனி அடியிலை முட்டினதும் ஸ்பானர் இறுக்கமாத்தான் இருக்கும், ஆனா தலைக்குக் கீழை வொஷரைக் கையாலை ஆட்டலாம். இறுக்கினாப் பிறகு வொஷரை விரலாலை ஒருக்காத் தள்ளிப் பாருங்கோ, அசைஞ்சால் அந்த போல்ற் ஒண்டையும் பிடிக்கேல்லை.

வொஷரும் அதே ஏ4 ஆ இருக்கவேணும், சாதாரண இரும்பு வொஷரை ஸ்ரெயின்லெஸ் போல்ற்றுக்கு அடியிலை போட்டால் ஈரத்திலை ரெண்டும் பற்றறி மாதிரி வேலை செய்து வொஷர் வேகமாக் கரையும், அது கரைஞ்சால் இறுக்கமும் போச்சு. பிளாஸ்ரிக் மூடிக்கு அகலமான தட்டை வொஷர்தான். ஸ்பிரிங் வொஷரை நேரை பிளாஸ்ரிக்கிலை வைச்சால் அது கிண்டி வெடிப்புக்கு வழி போடும்.

இப்ப பூட்டிற நேரம். ஸ்பானரைத் தொட முதல் மோட்டரை நிப்பாட்டுங்கோ, பிளக்கையும் கழட்டுங்கோ, ஏனெண்டால் கன வீட்டிலை மோட்டர் ரைமரிலை ஓடுது, நீங்கள் மூடிக்கு மேலை குனிஞ்சு நிக்கேக்கை அது தானா வெளிக்கிடும். பிறகு மேலை இருக்கிற காத்து வால்வைத் திறந்து கேஜ் முள்ளு பூச்சியத்துக்கு வாறதைக் கண்ணாலை பாருங்கோ, கேஜ் பழுதா இருக்கலாம், அதாலை வால்வாலை காத்தும் தண்ணியும் வாறது நிண்டிட்டுதோ எண்டும் பாருங்கோ. தண்ணியை அமத்த ஏலாது, ஆனா ராங்குக்குள்ளை மாட்டுப்பட்ட காத்து அமந்து ஸ்பிரிங் மாதிரி நிக்கும், அந்த நேரம் கிளாம்பைக் கழட்டினால் மூடி குண்டு மாதிரி எழும்பும். வெளிநாடுகளிலை இப்பிடி ஆக்கள் படுகாயப்பட்டும் செத்தும் இருக்கினம், ராங்கிலை ஒட்டின எச்சரிக்கை லேபல் எல்லாம் இதுக்காகத்தான்.

ஓ ரிங்கையும் அது இருக்கிற பள்ளத்தையும் துணியாலை துடைச்சு, விரலாலை ஒரு சுத்துத் தடவிப் பாருங்கோ, மண் பருக்கை கண்ணுக்குத் தெரியாட்டியும் விரலுக்குத் தெரியும். றப்பருக்கு சிலிக்கன் கிறீஸ் மட்டும்தான். வஸ்லினும் வாகனக் கிறீசும் பூசிறவை இருக்கினம், கன ஓ ரிங் ஈ.பி.டி.எம். எண்ட றப்பர் இனம், பெற்றோலியம் பட்டால் ஊதி மெத்துப்போகும். போல்ற் புரிக்கு வேறை சாமான், புரி ஒட்டாமல் தடுக்கிற பசை, அன்ரி சீஸ் எண்டு கேட்டு வாங்கி மெல்லிசாப் பூசுங்கோ. ஸ்ரெயின்லெஸ் போல்ற்றிலை ஸ்ரெயின்லெஸ் நட்டைக் காய்ஞ்சபடி வேகமா இறுக்கினால் புரி ஒண்டையொண்டு கடிச்சு ஒட்டிப்போடும், பிறகு முன்னுக்கும் போகாது பின்னுக்கும் வராது, வெட்டித்தான் எடுக்கவேணும். அதாலைதான் மெஷினாலை இறுக்காமல் கையாலை, ஆறுதலா இறுக்கச் சொல்லுறது. பூசின பிறகு வழுக்கும், அதே பலத்துக்கு முந்தியை விடக் கூட இறுகும், அதையும் மனசிலை வைச்சுக்கொள்ளுங்கோ.

எல்லா போல்ற்றையும் முதல்லை விரலாலை போடுங்கோ. விரலாலை போகாத போல்ற் ஸ்பானருக்கும் போகக்கூடாது. பிறகு ஒண்டை இறுக்கினால் அடுத்தது அதுக்கு நேர் எதிரை இருக்கிறது, அப்பிடிக் குறுக்குக் குறுக்கா, ஒரேயடியா இல்லாமல் மூண்டு தரமாச் சுத்தி வாங்கோ. பக்கத்துப் பக்கமா வரிசைக்கு இறுக்கினால் மூடி சரிஞ்சு ஒரு பக்கம் ஓ ரிங் நசிஞ்சு மற்றப் பக்கம் எழும்பி நிக்கும். பில்ரரோடை வந்த புத்தகத்திலை இறுக்கிற அளவு போட்டிருந்தால் இறுக்கிற பலத்தை அளந்து காட்டுற ரோர்க் ஸ்பானர் இரவல் வாங்கியெண்டாலும் அதைப் பாருங்கோ. ரெண்டு போல்ற் உள்ள கிளாம்ப் எண்டால் ரெண்டு பக்க போல்ற்றையும் மாறி மாறி இறுக்கிக்கொண்டு றப்பர் சுத்தியலாலை வளையத்தைச் சுத்திவர மெல்லத் தட்டிக் குடுங்கோ, அப்பத்தான் வளையம் விளிம்பிலை வடிவா இருக்கும். சில கிளாம்பிலை போல்ற்றோடை ஒரு ஸ்பிரிங் இருக்கும், அதின்ரை சுத்துகள் ஒண்டோடொண்டு முட்டுமட்டும் இறுக்கவேணும். கிளாம்ப் போல்ற் துலைஞ்சால் கம்பனி சாமான்தான் போடுங்கோ, கடையிலை எடுத்த போல்ற்றாலை சமாளிக்கிற இடம் அது இல்லை.

மோட்டரைத் திரும்பப் போடேக்கை காத்து வால்வ் திறந்தபடி இருக்கட்டும், சுவிச்சைப் போட்டுட்டு பில்ரருக்குத் தள்ளி நில்லுங்கோ, பிள்ளையளை பம் றூம் பக்கம் விடாதேங்கோ. காத்துப் போய் வால்வாலை தண்ணி சீராக வரத் தொடங்கினதும் மூடலாம். அப்ப கேஜ் காட்டுறதை ராங்கிலை மாக்கரால் எழுதி வையுங்கோ, அதை விட அரை பாருக்குக் கூட ஏறினால் பில்ரரைக் கழுவிற நேரம் வந்திட்டுது, கழுவாமல் விட்டால் போல்ற்றுக்குத்தான் சுமை. மூண்டு நாள் கழிச்சு மோட்டரை நிப்பாட்டி பிரஷரை இறக்கிப்போட்டு ஒருக்காத் திரும்ப ஸ்பானரை வைச்சுப் பாருங்கோ, பிளாஸ்ரிக் பாரத்துக்குக் கீழை மெல்ல அமத்துப்படுறதாலை கொஞ்சம் இளகியிருக்கும்.

காரைநகர் வீட்டுக்கு ஆறு போல்ற்றும் ஏ4 இலை மாத்தினதோடை கூட ரெண்டு வாங்கி, வொஷரோடை ஒரு சின்னப் பையிலை போட்டு, பையிலை "எம் 10, நீளம் 50, ஏ4" எண்டு எழுதி கேஜ் பைப்பிலை கட்டித் தொங்கவிட்டுட்டு வந்தனான். அடுத்த முறை போல்ற் துலைஞ்சாலும் ஒருத்தரும் "பலமானதாத் தாங்கோ" எண்டு கேட்டுக்கொண்டு கடைக்குப் போகத் தேவையில்லை.